டாஷ்போர்டுக்குப் பின்னால் ஒரு சின்ன ரேடியேட்டர்

கோயம்புத்தூரில் பழைய கார் பார்க்கப் போனால் முதலில் ஏசியைப் போட்டுப் பார்ப்பார்கள். கனடாவின் வின்னிபெக்குக்கு வந்த பிறகும் நம்மவர்களுக்கு அந்தப் பழக்கம் போவதில்லை. என்ஜின் சத்தம், டயர், துரு, ஏசி எல்லாம் பார்த்துவிட்டுப் பணத்தைக் கொடுத்துவிடுகிறார்கள். ஹீட்டரைப் போட்டுப் பார்ப்பவர்கள் குறைவு. ஜூலை மாதம் கார் வாங்குகிறவருக்கு அது நினைவுக்கே வராது. வருஷத்தில் பாதி நாள் குளிரும் ஊரில் ஹீட்டர்தான் காரின் பாதி என்று புதிதாக வருகிற எல்லோரிடமும் சொல்லிக்கொண்டிருக்கிறேன்.

ஜனவரி இரவுகளில் இங்கே மைனஸ் 20, மைனஸ் 30 சாதாரணம். 1879 டிசம்பரில் மைனஸ் 47.8 வரை இறங்கியதாகப் பதிவு உண்டு. கார் நிறுத்தும் இடங்களில் கம்பம் நட்டு பிளக் பாயின்ட் வைத்திருப்பார்கள். காரின் முன்பக்கம் தொங்கும் வயரை அதில் சொருகிவிட்டால் என்ஜினில் இருக்கும் பிளாக் ஹீட்டர் ராத்திரி முழுக்க கூலன்டை, அதாவது என்ஜினுக்குள் ஓடிச் சூட்டை எடுக்கும் திரவத்தை, உறையவிடாமல் கதகதப்பாக வைத்திருக்கும். காலையில் என்ஜின் அடம் பிடிக்காமல் கிளம்பும்.

என்ஜின் கிளம்பிவிட்டால் போதாது. கதவைச் சாத்தி உட்கார்ந்த கொஞ்ச நேரத்தில் நம் மூச்சே முன் கண்ணாடியின் உள்பக்கம் பனியாகப் படியும். வெளியே இருக்கும் பனியைச் சுரண்டி எடுத்துவிடலாம். உள்ளே படிவது சுரண்டச் சுரண்ட மறுபடி படியும். கண்ணாடியில் சூடான காற்று அடித்தால்தான் ரோடு தெரியும். வழியில் மாட்டிக்கொண்டால் அது வேறு ஆபத்து. காற்றோடு சேர்ந்த உணர்குளிர் மைனஸ் 40-ஐத் தாண்டும் நாளில் மூடாத தோல் 10 நிமிடத்துக்குள் உறைந்துபோகக்கூடும்.

எங்களுடையது ஐந்து கதவு ஹேட்ச்பேக். பதினைந்து வயது தாண்டிய கார். எனக்கு முதியோர் இல்லத்தில் விடியற்காலை ஷிஃப்ட். பஸ் ஓட ஆரம்பிக்கும் நேரத்தில் நான் அங்கே உடை மாற்றிக்கொண்டு நிற்க வேண்டும். மகளை டேகேரில் விடுவதும் அதே கார்தான். நவம்பர் மாதம் அந்தக் காருக்குள் ஒரு தித்திப்பான மணம் வர ஆரம்பித்தது. ஹீட்டரைக் கூட்டினால் மணமும் கூடும். முன் கண்ணாடியில் எண்ணெய்ப் பசைபோல ஒரு மங்கல். துணியால் துடைத்தால் போகாமல் இழுபட்டது. எதிரே வரும் வண்டிகளின் விளக்கு அதில் பட்டுச் சிதறும்போது கண் கூசியது. பானெட்டைத் திறந்து பார்த்தால், கூலன்ட் டப்பாவில் மட்டம் குறைந்துகொண்டே வந்தது. வண்டிக்கு அடியில் ஒரு சொட்டும் இல்லை.

அப்புறம் முன்சீட்டுக் கால்மிதிக்கு அடியில் ஈரம். இங்கே குளிர்காலத்தில் பூட்ஸில் ஒட்டிய பனி உருகி கார் கார்ப்பெட் நனைவது தினமும் நடப்பதுதான். அதனால்தான் இந்தக் கோளாறைப் பலர் கவனிப்பதில்லை. ஒரு வெள்ளை டிஷ்யூவை அழுத்தி எடுத்துப் பாருங்கள். பனித் தண்ணீர் என்றால் அழுக்காக இருக்கும், காய்ந்துவிடும். கூலன்ட் என்றால் விரலுக்கு நடுவில் வழுக்கும், நிறம் ஒட்டும். எங்கள் டிஷ்யூ வெளிறிய பச்சையாக வந்தது. ஹேட்ச்பேக்கில் டிக்கியும் உட்காரும் இடமும் ஒரே அறை என்பதால், உள்ளே கசியும் ஆவி பின் கண்ணாடி வரைக்கும் போய்ப் படிகிறது.

ஹீட்டர் கோர் என்பது டாஷ்போர்டுக்குப் பின்னால், ஒரு தடித்த நோட்டுப் புத்தகம் அளவில் உட்கார்ந்திருக்கும் சின்ன ரேடியேட்டர். பெட்ரோல் எரிந்து வரும் சக்தியில் பெரும்பகுதி சூடாகத்தான் வீணாகிறது. அதில் ஒரு பங்கைக் கூலன்ட் என்ஜினிலிருந்து எடுத்துக்கொண்டு, இரண்டு ரப்பர் ஹோஸ் வழியாக, என்ஜினுக்கும் நமக்கும் நடுவில் இருக்கும் தகட்டுச் சுவரைத் தாண்டி இந்தக் கோருக்குள் வந்து திரும்புகிறது. ஃபேன் அதன் வழியாகக் காற்றை ஊதுகிறது. காருக்குள் வரும் சூடு இவ்வளவுதான். கோரில் ஊசித் துளை விழுந்தால் கூலன்ட் ஆவி நேராக நம் முகத்துக்கும் கண்ணாடிக்கும் வரும். கூலன்டில் இருக்கும் எத்திலீன் கிளைகாலின் கொதிநிலை 197 டிகிரி. தண்ணீர்போல் அது எளிதில் காயாது. கண்ணாடியில் பசையாகத் தங்குவது அதனால்தான்.

துளை விழுவதற்குக் காரணம் பெரும்பாலும் பழைய கூலன்ட். அதில் துருத்தடுப்பு மருந்து கலந்திருக்கும். சில வருஷத்தில் அது தீர்ந்துபோகும். தீர்ந்த பிறகும் அதே கூலன்டை ஓட்டினால் அலுமினியக் குழாய்களை உள்ளிருந்தே அரிக்கும். உறையாமல் இருக்கிறதே, இன்னும் நன்றாகத்தானே இருக்கிறது என்று நினைக்கக் கூடாது. உறையாத குணம் வேறு, அரிக்காத குணம் வேறு.

காட்டிய பட்டறையில் சொன்னது பலருக்கும் பழகிய கணக்குதான்: பொருளின் விலை சின்னது, டாஷ்போர்டைக் கழற்றி மாட்டும் கூலி பெரியது. காரின் விலையில் பாதிக்கு மேல் கேட்டார்கள். வேண்டாம் என்றால், இரண்டு ஹோஸையும் ஒன்றோடொன்று இணைத்து, கூலன்ட் கோருக்குள் போகாதபடி லூப் போட்டுவிடலாம், கார் ஓடும் என்றார்கள். ஓடும்தான், என்ஜினுக்கு அதனால் கெடுதல் இல்லை. ஆனால் ஹீட்டரும் கிடையாது, கண்ணாடிக்குச் சூடும் கிடையாது. மே மாதம் அப்படிச் செய்துவிட்டு நிதானமாகச் சரி பண்ணலாம். டிசம்பரில், குழந்தையைப் பின்சீட்டில் வைத்துக்கொண்டு அப்படி ஓட்டச் சொல்வதை என்னால் ஏற்க முடியவில்லை. தெரிந்தவர்கள் சிலர் லீக் அடைக்கும் மருந்தை வாங்கி ஊற்றச் சொன்னார்கள். அது துளையை மட்டும் தேடிப் போய் அடைக்காது. கோரில் இருக்கும் குறுகலான குழாய்களிலும் படியும். பழைய காரில் அதைச் செய்ய எனக்கு மனம் இல்லை.

எங்கள் தெருவில் யாழ்ப்பாணத்து அண்ணா ஒருவர் இருக்கிறார். ஊரில் மெக்கானிக்காக இருந்தவர். 1990களில் பொருளாதாரத் தடையால் பெட்ரோல் கிடைக்காமல், மண்ணெண்ணெயில் கார் ஓட்டிய காலத்து ஆள். கார்புரேட்டரில் துளி பெட்ரோல் விட்டு என்ஜினைக் கிளப்பி, சூடானதும் மண்ணெண்ணெய்க்கு மாற்றுவார்களாம். அவரிடம் போய் லூப் விஷயத்தைச் சொன்னேன்.

"லூப் போட்டால் கார் ஓடும், தங்கச்சி. நீங்கள் விடியக் காலமை வேலைக்குப் போற ஆள். கண்ணாடி தெரியாமல் எப்பிடி ஓடுவீங்கள்? சனிக்கிழமை காரை என்ரை கராஜுக்குக் கொண்டு வாங்கோ. நீங்களும் நிண்டு செய்ய வேணும்" என்றார்.

நின்று செய்தேன். என் கணவர் மகளைப் பார்த்துக்கொண்டார். முந்தின நாள் இரவே காரை உள்ளே விட்டு கராஜ் ஹீட்டரைப் போட்டு வைத்திருந்தார் அண்ணா. பதினைந்து வருஷத்துப் பிளாஸ்டிக் குளிரில் கண்ணாடிபோல் உடையும், கிளிப் ஒன்றுகூட முழுசாக வராது என்றார். முதலில் பேட்டரியின் நெகட்டிவ் வயரைக் கழற்றிவிட்டு டீ குடிக்கப் போனோம். ஏர்பேக்கில் மிச்சம் இருக்கும் மின்சாரம் வடியும்வரை ஸ்டீயரிங் பக்கம் கை வைக்கக் கூடாது. மஞ்சள் நிற வயர், மஞ்சள் கனெக்டர் எல்லாம் ஏர்பேக்கினுடையவை. மீட்டர் வைத்துச் சோதிக்கவும் அவற்றைத் தொடக் கூடாது.

வெளியில் பிரிக்க ஆரம்பிக்கும் முன் ஏசியையும் யோசிக்க வேண்டும். எங்கள் காரில் ஏசி பெட்டியும் ஹீட்டர் பெட்டியும் தனித்தனி. ஏசி குழாயைத் தொடாமலே வேலை முடிந்தது. இரண்டும் ஒரே பெட்டியாக இருக்கும் கார்களில், ஏசியில் இருக்கும் கேஸை உரிமம் உள்ளவரிடம் கொடுத்து முறைப்படி எடுத்துவிட்டுத்தான் பிரிக்க வேண்டும். காற்றில் திறந்துவிடுவது கனடாவில் சட்ட விரோதம்.

என் வேலை ஸ்குரூக்கள். முட்டை அட்டை ஒன்றை எடுத்து ஒவ்வொரு குழியிலும் எண் எழுதி, கழற்றிய வரிசையில் போட்டேன். ஒவ்வொரு கனெக்டரையும் பிரிப்பதற்கு முன் ஒரு போட்டோ, பிரித்த பின் ஒரு போட்டோ. கையுறைப் பெட்டி, ரேடியோ, நடு கன்சோல், ஸ்டீயரிங் அடிப்பலகை என்று ஒவ்வொன்றாக வெளியே வந்தன. டாஷ்போர்டைத் தூக்கும்போது ஓர் இடத்தில் மட்டும் பிடித்துக்கொண்டது. அண்ணா இழுக்கவில்லை. "இழுத்தால் உடையும். ஒரு ஸ்குரூ ஒளிஞ்சு நிக்குது, பாருங்கோ" என்றார். முன் கண்ணாடி ஓரத்தில், ஸ்பீக்கர் மூடிக்குக் கீழே அது இருந்தது.

என்ஜின் பக்கம் கூலன்டை வடித்துவிட்டு, ஹோஸ்களைப் பிளேடால் நீளவாக்கில் கீறி எடுத்தோம். புது ஹோஸ் போடப் போகிறோம், பழையதைத் திருகி மல்லுக்கட்ட வேண்டியதில்லை. கோரில் தங்கியிருந்ததை ஒரு குழாய் வழியாக ஊதி மறு குழாயில் வாளி பிடித்தோம். இல்லையென்றால் பெட்டியைச் சாய்க்கும்போது மொத்தமும் கார்ப்பெட்டில் கொட்டும்.

கோர் வெளியே வந்தபோது அதை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். ஒரு மூலையில், பக்கவாட்டுத் தொட்டியும் குழாய்களும் சேரும் மடிப்பில், வெள்ளையும் பச்சையுமாக உப்புப் பூத்திருந்தது. நகத்தால் சுரண்டினால் மாவாக உதிர்ந்தது. அதற்கு அடியில் ஈரம். சுற்றியிருந்த ஸ்பாஞ்ச் தொட்ட இடமெல்லாம் கறுப்புத் தூளாகக் கையோடு வந்தது. சில பழைய கார்களில் ஃபேனைப் போட்டால் கறுப்புத் துகள் பறக்குமே, அது இதுதான். புதுக் கோரைச் சுற்றிப் புது ஸ்பாஞ்ச் பட்டையை அண்ணா இடைவெளி இல்லாமல் ஒட்டினார். இடைவெளி இருந்தால் காற்று கோருக்குள் போகாமல் பக்கவாட்டில் நழுவிவிடும், புதுக் கோரும் பாதிச் சூடுதான் கொடுக்கும்.

மாட்டுவது கழற்றியதன் தலைகீழ் வரிசை. அதைப் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை. நேரம் எடுத்தது கார்ப்பெட். தூக்கிப் பார்த்தால் அடியில் இருக்கும் தடித்த மெத்தை கூலன்டை உறிஞ்சி ஊறிக் கிடந்தது. அதை அப்படியே விட்டால் கோர் மாற்றியும் பயன் இல்லை. மாதக்கணக்கில் ஆவி வந்து கண்ணாடி மங்கிக்கொண்டே இருக்கும். வெந்நீர் விட்டு அலசி, பிழிந்து, ஃபேன் வைத்து மறுநாள் வரை காயவிட்டோம். கண்ணாடியின் உள்பக்கத்தையும் பசை போகும்வரை துடைத்தேன்.

புதுக் கூலன்டுக்கு காரின் கையேட்டில் சொன்ன வகையை மட்டும் வாங்கினோம். நிறத்தைப் பார்த்து வாங்கக் கூடாது, ஒரே நிறத்தில் வெவ்வேறு வகை உண்டு. வேறு வகைகளைக் கலந்தால் துருத்தடுப்பு சீக்கிரம் கெடும். பாதிக்குப் பாதி காய்ச்சி வடித்த தண்ணீர் சேர்த்தால் மைனஸ் 37 வரை தாங்கும். குளிர் அதிகமான ஊர் என்று கூலன்டை மட்டும் ஊற்றுகிறவர்கள் இருக்கிறார்கள். சுத்தமான எத்திலீன் கிளைகால் மைனஸ் 13-லேயே உறைந்துவிடும். தண்ணீர் சேர்ந்தால்தான் அது குளிரைத் தாங்குகிறது.

கடைசி வேலை காற்றை வெளியேற்றுவது. முன்சக்கரங்களை ரேம்பில் ஏற்றி, ரேடியேட்டர் வாய்தான் உயரமான இடம் என்று ஆக்கிவிட்டு, ஹீட்டரை முழுச் சூட்டில் வைத்து, மூடி இல்லாமல் என்ஜினைக் குளிர்ந்த நிலையிலிருந்து ஓடவிட்டோம். அண்ணா மேல் ஹோஸை அமுக்கி அமுக்கி விட்டார். ஒவ்வொரு அமுக்கலுக்கும் குமிழி வந்தது. கூலன்ட் சூடானதும் ரேடியேட்டருக்கு வழிவிடும் வால்வான தெர்மோஸ்டாட் திறந்ததும் மட்டம் சட்டென்று இறங்கியது, நான் ஊற்றினேன். குமிழி நின்று, ஹீட்டருக்குப் போகும் ஹோஸும் திரும்பும் ஹோஸும் ஒரே அளவு சுட ஆரம்பித்தபோது மூடியைப் போட்டோம். ஓடிச் சூடாக இருக்கும் என்ஜினில் அந்த மூடியைத் திறக்கவே கூடாது. அழுத்தத்தில் கொதிநீர் முகத்தில் பீச்சும். நான் சமையல் வெப்பமானியை ஏர் வென்ட்டில் வைத்துப் பார்த்தேன். 58 டிகிரி காட்டியது. அண்ணா ஸ்பேனரைக் கீழே வைத்துவிட்டு, "இனி பயமில்லை, தங்கச்சி" என்றார். காசு வாங்க மறுத்துவிட்டார். அவர் வீட்டம்மாவுக்கு ஒரு டப்பா முறுக்கு சுட்டுக் கொடுத்தேன்.

வடித்த கூலன்டை மூடி போட்ட கேனில் ஊற்றி, பழைய ஆயில் வாங்கும் மையத்தில் கொடுத்தோம். அது தித்திப்பாக இருப்பதால் நாயும் பூனையும் நக்கிவிடும். கொஞ்சம் உள்ளே போனாலே உயிருக்கு ஆபத்து, குழந்தைகளுக்கும் அப்படித்தான்.

இப்போது புதிதாக வந்தவர்கள் கார் பார்க்கக் கூப்பிட்டால் நானும் கூடப் போகிறேன். என்ஜின் நன்றாகச் சூடாகும்வரை ஓட்டச் சொல்வேன். எந்த மாதமானாலும் ஹீட்டரை முழுதாகத் திறந்து, காற்றைக் கண்ணாடிக்குத் திருப்பி, மணம் வருகிறதா என்று பார்ப்பேன். காற்று வெதுவெதுப்பாக மட்டும் வந்தால் உடனே கோர் போய்விட்டது என்று முடிவு கட்ட வேண்டாம். கூலன்ட் குறைவாக இருக்கலாம், தெர்மோஸ்டாட் திறந்தபடி மாட்டியிருக்கலாம், உள்ளே சூட்டையும் குளிரையும் மாற்றும் கதவு சிக்கியிருக்கலாம். என்ஜின் சூடான பிறகும் ஒரு ஹோஸ் சுட்டு மற்றது ஆறியிருந்தால் கோர் அடைத்திருக்கக்கூடும், தண்ணீர் விட்டு எதிர்த் திசையில் அலசினாலே சில சமயம் சரியாகும். பிறகு பானெட்டைத் திறந்து, தகட்டுச் சுவருக்குள் போகும் இரண்டு ஹோஸும் அங்கே இருக்கின்றனவா, இல்லை யாராவது லூப் போட்டு விற்கிறார்களா என்று பார்ப்பேன். கால்மிதியைத் தூக்கி டிஷ்யூவை அழுத்திப் பார்த்த பிறகுதான் விலை பேசச் சொல்வேன்.