கோத்தகிரிக் குளிரில் ஆணி ஷூ

ரெசினும் ஹார்டனரும் கலந்து ஊற்றி இறுகவிடுகிற எபாக்சி தரை போடுகிறவர்கள் நாலு பேர் கூடினால் பேச்சு மெட்டீரியலைச் சுற்றித்தான் வரும். எந்தக் கம்பெனி ரெசின், கிலோ என்ன விலை, ஹார்டனர் கலந்த பிறகு எவ்வளவு நேரம் தாங்குகிறது என்று பேசிக்கொண்டே இருப்பார்கள். காலில் என்ன மாட்டிக்கொண்டு இறங்கினாய் என்று ஒருவரும் கேட்க மாட்டார்கள். ஆணி ஷூவையும் கிளவுஸ், மாஸ்க் மாதிரி ஒரு உபரிச் சாமானாகத்தான் நினைக்கிறார்கள். கோயம்புத்தூரிலோ திருப்பூரிலோ அந்த நினைப்போடு காலம் தள்ளிவிடலாம். அந்த வெயிலில் ரெசின் நன்றாக இளகி ஓடும், எந்த ஷூவில் நடந்தாலும் ஆணி போன ஓட்டை நீங்கள் திரும்பிப் பார்ப்பதற்குள் மூடிக்கொள்ளும். மேட்டுப்பாளையம் தாண்டி மலை ஏறினால் அந்தச் சலுகை கிடையாது.

இந்த வேலை தெரியாதவர்களுக்கு ஒரு வார்த்தை. இப்படி ஊற்றுகிற செல்ஃப் லெவலிங் தரை தானாக மட்டம் பிடிக்கும் என்பது உண்மைதான், ஆனால் ஊற்றிவிட்டுக் கையைக் கட்டிக்கொண்டு நிற்க முடியாது. பல் கரண்டியால் இழுத்துப் பரப்ப வேண்டும். அதன்மேல் முள் வைத்த ஸ்பைக் ரோலர் ஓட்டி உள்ளே மாட்டிக்கொண்ட காற்றை வெளியே விட வேண்டும். பெரிய அறை என்றால் ஓரத்தில் நின்று கை நீட்டினால் எட்டாது, ஈரத் தரைக்குள்ளேயே நடந்தாக வேண்டும். அதற்குத்தான் இந்த ஷூ. ஒரு பலகை, அதன் அடியில் பத்துப் பன்னிரண்டு ஆணிகள், மேலே காலில் இறுக்கிக்கொள்ள வார்கள். பாதம் முழுக்கப் பதிந்தால் தரை கெட்டுவிடும். ஆணி முனை மட்டும் பட்டால் சுற்றியுள்ள திரவம் வந்து மூடிக்கொள்ளும்.

நீலகிரியில் எங்களுக்கு அதிகம் வேலை தருவது டீ ஃபேக்டரிகள். பேக்கிங் அறையிலும் தூள் சலிக்கும் அறையிலும் ஐ.பி.எஸ். என்கிற பழைய சிமெண்ட் தரை தேய்ந்து தூசு கிளம்பும், அது தேயிலைத் தூளோடு கலந்தால் உணவுப் பாதுகாப்பு ஆய்வில் பிடிபடும். அதனால் எபாக்சி. சிக்கல் என்னவென்றால், கொழுந்து வரத்து நன்றாக இருக்கும் மாதங்களில் யாரும் ஃபேக்டரியை நிறுத்த மாட்டார்கள். பனி விழுந்து கொழுந்து குறைகிற டிசம்பர், ஜனவரியில்தான் 'இப்ப வாங்க, வேலையை முடிச்சுக் கொடுங்க' என்பார்கள். எபாக்சிக்கு ஆகவே ஆகாத மாதங்களும் அவைதான். இரவில் 10 டிகிரிக்குக் கீழே போகும், பகல் வெயிலில் நமக்கு இதமாக இருந்தாலும் தரை அந்தக் குளிரை விடாமல் வைத்திருக்கும். சாதாரண ஹார்டனர் 10 டிகிரிக்குக் கீழே ஒழுங்காக இறுகாது. ரெசினோ குளிரக் குளிரத் தேன் மாதிரி கெட்டியாகும். கெட்டியானால் குமிழி மேலே வராது, ஆணி ஓட்டையும் சீக்கிரம் மூடாது. மலையில் ஷூ முக்கியமாகிறது என்று நான் சொல்வது இதனால்தான்.

கோத்தகிரிப் பக்கம் ஒரு ஃபேக்டரியில் பேக்கிங் அறைக்கு இப்படி ஒரு ஜனவரியில் தரை போட்டோம். எங்களோடு புதிதாக வந்திருந்த பையன் ஒருவன் ஆன்லைனில் மலிவாகக் கிடைத்தது என்று ஒரு ஜோடி கொண்டுவந்திருந்தான். பச்சை பிளாஸ்டிக் பலகை, இரண்டு அங்குலத்துக்கு நீட்டிக்கொண்டிருந்த கூரான ஆணிகள். அது தோட்டத்துச் செருப்பு. புல்வெளி மண்ணில் குத்தி வேருக்குக் காற்றுப் போக வழி செய்வதற்கு விற்பது. ஊட்டியில் புல்வெளிக்குப் பஞ்சமில்லை, அங்கே போட்டுக்கொண்டு நடக்கட்டும். கான்கிரீட் மேல் அதைப் போட்டால் பொய்க்கால் கட்டினது போலத்தான். ஆணி மண்ணுக்குள் இறங்க வேண்டியது, இங்கே இறங்காது. ஆள் இரண்டு அங்குல உயரத்தில் ஆடிக்கொண்டு நிற்பான். கணுக்கால் ஒரு பக்கம் மடங்கினால் ரெசினில் உட்கார வேண்டியதுதான். போதாததற்கு, அதில் ஆணியைப் பிடித்திருக்கும் நட்டு நடக்க நடக்கக் கழன்றுகொள்ளும். ஊற்றின தரைக்குள் ஒரு நட்டு விழுந்தால் அதை எடுக்கப் போகிறவன் இன்னும் பத்து ஓட்டை போட்டுவிட்டு வருவான்.

தரைக்கான ஷூவில் ஆணி ஓர் அங்குலத்துக்கு மேல் வேண்டியதில்லை. நாங்கள் போடும் எபாக்சி 2 முதல் 3 மில்லிமீட்டர். பலகை திரவத்தைத் தொடாத அளவுக்கு உயரம் இருந்தால் போதும், மேற்கொண்டு வருகிற ஒவ்வொரு மில்லிமீட்டரும் ஆட்டம்தான். நீளத்தை விட நான் கவனமாகப் பார்ப்பது முனையை. கூர்முனையா, மழுங்கின முனையா? கூர்முனை வழுக்காது, அதனால் புதியவர்களுக்கு அது பிடிக்கும். ஆனால் அது கீழே அடித்திருக்கும் பிரைமரைக் கீறும். பிரைமர் அடிப்பதே கான்கிரீட்டின் நுண்துளைகளை அடைக்கத்தான். கீறின இடத்தில் அந்தத் துளை மறுபடி திறந்துகொள்ளும், அதிலிருந்து காற்று கிளம்பி மேலே குண்டூசித் தலை அளவுக்குக் குழியாக நிற்கும். மறுநாள் காலை குனிந்து பார்த்தால் நடந்த வழி நெடுக வரிசையாகக் குழிகள் தெரியும், ஆள் எந்தப் பக்கம் போனான் என்று படிக்கலாம். ரெசின் சரியில்லை என்று கம்பெனிக்காரனைக் கூப்பிட்டுச் சண்டை போட்டவர்களைப் பார்த்திருக்கிறேன். அந்தக் குழிகளுக்கு நடுவே இருக்கும் தூரத்தை அளந்தால் ஷூவின் ஆணி இடைவெளியோடு பொருந்தும்.

அதனால் எபாக்சிக்கு மழுங்கின முனைதான் என் தேர்வு. ஆணி எண்ணிக்கையும் கூடுதலாக இருந்தால் நல்லது, உடம்பின் பாரம் பிரிந்து விழும். குளியலறை, சமையலறை மாதிரி வாட்டர்ப்ரூஃபிங் கோட்டிங் அடித்த இடங்களில் கூர்முனையை வாசலோடு நிறுத்திவிட வேண்டும். கோட்டிங்கில் ஓட்டை விழுந்தால் அது தெரியவே தெரியாது, கீழ்வீட்டுக்காரர் சொல்லித்தான் தெரியவரும். குன்னூர், ஊட்டியின் பழைய பங்களாக்களில் மரத்தளத்தின் மேல் பிளைவுட் அடித்து மட்டம் எடுக்கிற வேலை எப்போதாவது வரும். அங்கே கூர் ஆணி பிளைவுட்டில் குத்தி மாட்டிக்கொள்ளும், எடுக்க வராது. காலை இழுத்தால் ஷூ தரையிலேயே நின்றுவிடும், ஆள் மட்டும் முன்னால் போவான்.

வார்களைப் பற்றி யாரும் சொல்லித் தருவதில்லை. ஒட்டுப் பட்டை வைத்தது போடும்போது சுகமாக இருக்கும். நாலு தளம் ஊற்றின பிறகு பட்டையின் பஞ்சில் ரெசின் இறங்கிக் காய்ந்து ஒட்டவே ஒட்டாது. உலோக பக்கிள் உள்ளதுதான் உழைக்கும். ஆனால் மலைக் குளிரில் விரல் மரத்துப்போயிருக்கும், அதன்மேல் கிளவுஸ் வேறு, சின்ன பக்கிளை அழுத்தித் திறப்பதற்குள் உயிர் போய்விடும். பெரிய பக்கிளாகப் பார்த்து வாங்க வேண்டும். இங்கே எல்லாரும் கம்பளி சாக்ஸ், அதன்மேல் சேஃப்டி ஷூ என்று தடிமனாகப் போட்டுக்கொண்டு வருவார்கள், கீழே சரியாக இருந்த வார் இங்கே ஒரு ஓட்டை எட்டாமல் போகும். அப்புறம் வாரின் மிச்ச நுனி. இறுக்கியது போக நாலு விரல் நீளம் தொங்கிக்கொண்டிருக்கும், அடி எடுத்து வைக்கும்போதெல்லாம் அது ரெசினில் தோய்ந்து தூரிகை போலக் கோடு இழுத்துக்கொண்டே வரும். நடக்கிறவனுக்குத் தெரியாது, அது அவனுக்குப் பின்னால் நடக்கிற காரியம். நுனியை மடக்கி டேப் சுற்றிவிட்டுத்தான் எங்கள் ஆட்களை இறக்குகிறேன்.

நடையையும் சொல்லித் தர வேண்டியிருக்கிறது. காலைத் தேய்க்கக் கூடாது, குதிகாலை முதலில் ஊன்றக் கூடாது. நேராகத் தூக்கி நேராக வைக்க வேண்டும், ஆணிகள் எல்லாம் ஒரே நேரத்தில் தரையைத் தொட வேண்டும். திரும்ப வேண்டும் என்றால் நின்ற இடத்தில் காலைத் திருகாமல், சின்னச் சின்ன அடியாக எடுத்து வைத்து வளைந்து வர வேண்டும். திருகினால் பத்து ஆணியும் பத்து வில் வரையும். கும்பகோணம் பக்கத்திலிருந்து எங்களிடம் வந்த ஒரு அண்ணனுக்கு இதைச் சொல்லவே வேண்டியிருக்கவில்லை. நாற்றங்கால் சேற்றில் பழகிய கால் அது.

எப்போது இறங்கலாம், எப்போது ஏறிவிட வேண்டும் என்பதில்தான் கீழ்நாட்டு அனுபவம் இங்கே ஏமாற்றும். குளிரில் ரெசின் மெதுவாகத்தான் இறுகும், அதனால் நிறைய நேரம் இருக்கிறது என்று தோன்றும். இறுகுவதற்கு நேரம் இருக்கலாம். ஓட்டை மூடிக்கொள்ளும் அளவுக்கு இளக்கமாக இருக்கும் நேரம் அதைவிட மிகவும் குறைவு. டப்பாவில் அச்சடித்த நிமிடக் கணக்கை நான் நம்புவதில்லை. ஓரத்தில் ஒரு ஆணியால் குத்திப் பார்ப்பேன். மூன்று நாலு எண்ணுவதற்குள் மூடினால் ரோலர் போகலாம், குழி நின்று யோசித்தால் எல்லாரும் வெளியே.

இளக்கத்தைக் காப்பாற்ற டீ ஃபேக்டரி மாதிரி வசதியான இடம் கிடையாது. தேயிலையை உலர்த்துகிற டிரையர் இருக்கும் பக்கத்துச் சுவர் எப்போதும் கதகதப்பாக இருக்கும். கொழுந்து குறைந்த நாளிலும் வாரத்தில் சில நாள் டிரையர் ஓடும், முதல் நாள் மாலையே ரெசின் டின்களைச் சுவருக்கு இந்தப் புறம் அடுக்கிவிடுவோம். தின்னர் டின்னை மட்டும் அந்தப் பக்கமே கொண்டுபோகக் கூடாது, நெருப்புச் சமாச்சாரம். காலையில் டின்னைத் திறந்தால் ரெசின் கீழ்நாட்டில் போல ஓடும். ஆனால் தரை குளிர்ந்திருந்தால் ஊற்றின கொஞ்ச நேரத்தில் அந்தச் சூட்டையெல்லாம் அது உறிஞ்சிக்கொள்ளும். ஆகவே அறைக்கு முந்தின இரவே மின்சார ஹீட்டர். கரி அடுப்போ கேஸ் ஹீட்டரோ வைத்தால் அதிலிருந்து வரும் நீராவியும் கரியமில வாயுவும் ஈர எபாக்சியின் மேல் வெள்ளை பூத்தாற்போல் படிந்துவிடும்.

பனிமூட்டம் தனிக் கதை. தரையின் சூடு, காற்றின் ஈரம் தரையில் படியத் தொடங்கும் வெப்பநிலையை விட 3 டிகிரியாவது கூடுதலாக இருக்க வேண்டும் என்பது இந்தத் தொழிலின் பொது விதி. கான்கிரீட் சூடு இறங்கும் மாலை நேரத்தில் ஊற்றினால் குமிழி குறையும் என்பது இன்னொரு பாடம். கோத்தகிரியில் இந்த இரண்டும் சண்டை போடும், மாலை நாலு மணிக்கு மூட்டம் ஜன்னலுக்கு வந்துவிடும். இரண்டில் ஒன்றைத்தான் பிடிக்க முடியும் என்றால் ஈரத்துக்குத்தான் பயப்பட வேண்டும். காலை பத்துக்கு மேல் தொடங்கி இரண்டு மணிக்குள் ஷூவைக் கழற்றிவிடுவோம். குமிழியை ரோலர் பார்த்துக்கொள்ளும்.

கழற்றுவதும் ஒரு வேலைதான். வாசலில் அட்டைப் பெட்டியைப் பிரித்து விரித்து, பக்கத்தில் ஒரு கவிழ்த்த வாளி. நேராக அதில் வந்து உட்கார்ந்து வாரைத் தளர்த்த வேண்டும். ஆணியோடு படியில் இறங்குகிறேன், ஒரு டீ குடித்துவிட்டு வருகிறேன் என்று கிளம்புகிறவனை அங்கேயே பிடித்து உட்கார வைக்க வேண்டும். மொசைக்கிலோ டைல்ஸிலோ ஆணி ஷூ பனிக்கட்டி மேல் நிற்பது போல் வழுக்கும்.

அந்த ஃபேக்டரியின் டீ மேக்கர் அறுபதை நெருங்கும் படகர், முப்பது வருடமாகத் தூளை முகர்ந்தே தரம் சொல்கிறவர். முதல் நாளே வந்து ஷூவைக் கையில் வாங்கித் திருப்பிப் பார்த்தார். 'இதை எதுல கழுவுவீங்க?' என்றார். தின்னரில் என்றேன். 'அப்ப இங்க வேண்டாங்க. கேட்டுக்கு வெளிய போய்க் கழுவுங்க. தூள் வாசனையை இழுத்துக்கும்.' அவர் சொன்னது சத்தியம். தேயிலை அக்கம்பக்கத்து ஈரத்தையும் வாசனையையும் உறிஞ்சுகிற பொருள். பேக்கிங் அறையிலிருந்த மூட்டைகளையெல்லாம் ஏற்கெனவே மாடிக்கு ஏற்றியிருந்தார்கள், நாங்களும் கரைப்பான் இல்லாத ரெசின்தான் கொண்டுபோயிருந்தோம். ஷூ கழுவும் தின்னரை அதுவரை யாரும் கணக்கில் எடுக்கவில்லை. கேட்டுக்கு வெளியே, சரிவில் காற்று கீழ்நோக்கி வீசும் இடமாகப் பார்த்து, துணியில் தின்னர் நனைத்து ஆணி ஆணியாகத் துடைத்தோம். அங்கேயே உட்கார்ந்து நட்டுகளையும் முறுக்கிப் பார்த்துவிடலாம் என்பதால் அது நல்ல பழக்கமாகவும் ஆகிவிட்டது. துடைக்காமல் விட்டால் ஆணிகளுக்கு நடுவே ரெசின் கட்டிதட்டும், அடுத்த தரையில் நடக்கும்போது அந்தக் கட்டி உடைந்து உதிரும்.

சிமெண்ட் செல்ஃப் லெவலிங்குக்குத் தனி ஜோடி வைத்துக்கொள்ள வேண்டும். ஊட்டியில் ஓட்டல் அறைகளுக்கு வினைல் ஒட்டுவதற்கு முன் அதைத்தான் ஊற்றுவோம். அது எபாக்சியை விடச் சீக்கிரம் பிடித்துவிடும், கால் மணி நேரத்துக்கு மேல் அதில் நடக்க முடியாது. பக்கத்தில் ஒரு வாளித் தண்ணீர் இருந்தால் ஷூ சுத்தமாகிவிடும். அந்த ஜோடியை எபாக்சிக்குள் கொண்டுவந்தால் ஆணியில் ஒட்டியிருந்த சிமெண்ட் தூள் பளபளப்பான தரையில் மணல் மணலாகத் தெரியும். ஜோடிகளின் பலகையில் பெயிண்டால் அடையாளம் போட்டு வைத்திருக்கிறோம், சிவப்பு எபாக்சிக்கு, வெள்ளை சிமெண்டுக்கு.

கொட்டேஷனில் இப்போதெல்லாம் ஷூவுக்கு ஒரு வரி எழுதுகிறேன். பார்ட்டிகள் அந்த வரியைச் சுட்டிக்காட்டி, இதற்கெல்லாமா காசு என்று கேட்பார்கள். பேரம் பேசி அந்த வரியை அடிக்கச் சொல்கிறவர்களும் உண்டு. அடித்துவிடுவேன், தொகையை ரோலர் கணக்கில் சேர்த்துக்கொள்வேன்.