நீலக் குகைக்குப் போகும் முன்

கொழும்பிலிருந்து இத்தாலிக்குப் புறப்படும் யாத்திரைக் குழுக்களின் பயண நிரலில், ரோம், வத்திக்கான், அசிசி, பதுவா எல்லாம் முடிந்த பிறகு ஒரு வரி வரும்: காப்ரி தீவு, நீலக் குகை. கொட்டாஞ்சேனையிலிருந்தும் வத்தளையிலிருந்தும் எங்கள் அலுவலகத்துக்கு வருகிறவர்களில் பலர் முதலில் விசாரிப்பது அதைத்தான். பதுவாவில் புனித அந்தோனியார் கல்லறையைத் தொட்டு வணங்க வேண்டும் என்று ஆண்டுக்கணக்கில் பணம் சேர்த்த அம்மாகூட, "தம்பி, அந்தக் குகைக்குள்ளே கட்டாயம் கூட்டிக்கொண்டு போவீர்கள்தானே?" என்று கேட்பார். இந்தக் கேள்விக்கு உண்மையான பதில் சொல்வதுதான் குழுவை அழைத்துப்போகிறவனின் முதல் வேலை என்று நான் நம்புகிறேன். காப்ரியில் இறங்கிய பிறகு சொல்லிப் பயனில்லை. காசு கட்டுவதற்கு முன் கொழும்பிலேயே சொல்லியாக வேண்டும்.

நீலக் குகை, தீவின் கரைப் பாறைக்குள் கடல்நீர் நிறைந்து கிடக்கும் குகை; சின்னப் படகில்தான் நம்மை உள்ளே அழைத்துப் போவார்கள். அதன் வாசல் நீர்மட்டத்துக்கு மேலே ஏறக்குறைய ஒரு மீற்றர் உயரந்தான். அகலம் இரண்டு மீற்றர். துடுப்புப் படகில் நான்கு பேர் வரை ஏற்றுவார்கள். எல்லோரும் படகின் அடித்தளத்தில் மல்லாந்து சாய வேண்டும். படகோட்டி துடுப்புகளை உள்ளே இழுத்துப் போட்டுவிட்டு, பாறையில் பொருத்தியிருக்கும் சங்கிலியைப் பிடித்து, அலை தாழும் கணத்தில் படகை உள்ளே இழுத்துவிடுவார். அலை எழும்பி நிற்கும் நேரத்தில் நுழைந்தால் தலை பாறையில் மோதும். மத்தியதரைக் கடலில் நம் ஊரைப் போலவே ஏற்ற இறக்கம் குறைவு. ஆனால் தீவின் வடமேற்கு மூலையில் இருக்கும் இந்த வாசலுக்கு, அந்தப் பக்கத்திலிருந்து வீசும் காற்று கொஞ்சம் பலத்தாலே போதும், குகையை மூடிவிடுவார்கள். காலையில் திறந்திருந்தது பகலில் மூடப்படுவதும் உண்டு. குளிர்காலத்தில் நாள்கணக்கில் மூடியே கிடக்கும்.

இவ்வளவையும் கொழும்பில் எப்படி விளங்கப்படுத்துவது? படம் காட்டிப் பேசுவதால் மட்டும் காரியம் ஆகாது. நான் மேசையைச் சற்று ஒதுக்கிவிட்டு, விரும்புகிறவர்களைத் தரையில் உட்காரச் சொல்வேன். கால் நீட்டி உட்கார முடிகிறதா, பின்னால் சாய முடிகிறதா, யாருடைய கையும் பிடிக்காமல் மறுபடி எழும்ப முடிகிறதா என்று பார்ப்போம். சேலை கட்டுகிறவர்களிடம் குகைக்குப் போகும் நாளில் மட்டும் சல்வார் போடச் சொல்வேன். முழங்கால் தேய்ந்தவர்களை நான் தடுப்பதில்லை. ஆனால் கடினமான இடம் குகைக்கு உள்ளே இல்லை, வெளியேதான் என்பதை அவர்களுக்குத் தெளிவாகச் சொல்லிவிடுவேன். பெரிய இயந்திரப் படகிலிருந்து ஆடிக்கொண்டிருக்கும் சின்னப் படகுக்குத் திறந்த கடலில் கால் மாற்ற வேண்டும். அந்த ஓர் அடிதான் உண்மையான சோதனை.

இதை விளம்பரத்துக்குக் கேடு என்று சொல்லும் முகவர்கள் இருக்கிறார்கள். நான் முன்பு வேலை பார்த்த ஒரு நிறுவனத்தில் நீலக் குகைக்கான கட்டணத்தையும் மொத்தத் தொகையில் சேர்த்து முன்கூட்டியே வாங்கிவிடுவார்கள். குகை மூடியிருந்த நாளில் அந்தப் பணத்துக்கு யாரும் பதில் சொல்லவில்லை. குழுவின் கோபம் முழுவதும் படகுத்துறையில் நின்ற வழிகாட்டிமேல் இறங்கியது. கடலின் பெயரால் காசு வாங்குகிறவர்கள், கடல் மறுக்கிற நாளுக்கும் பொறுப்பேற்க வேண்டும். இப்போது நாங்கள் அந்தக் கட்டணத்தைக் கொழும்பில் தொடுவதே இல்லை. குகை வாசலுக்கு அருகில் மிதந்துகொண்டிருக்கும் டிக்கெட் படகில் அவரவரே கட்டுகிறார்கள்.

நேபிள்ஸ் துறைமுகத்திலிருந்து விரைவுப் படகில் ஒரு மணிநேரத்துக்குள் காப்ரி வந்துவிடும். நேபிள்ஸில் இலங்கையர் பெருந்தொகையாக வாழ்கிறார்கள். கடைகளில் கொத்தமல்லித் தூளும் மாசிக்கருவாடும் கண்டு எங்கள் குழுவினர் வழியிலேயே நின்றுவிடுவதுண்டு. அதைப் பற்றித் தனியாக எழுத வேண்டும்.

என் நினைவில் நிற்கும் குழுவில் பேசாலையில் பிறந்து, இப்போது வத்தளையில் மகனுடன் வசிக்கும் ஒரு பெரியவர் இருந்தார். இளவயதில் மன்னார்க் கடலில் தொழில் செய்தவர். நாங்கள் ஏறிய இயந்திரப் படகு குகைக்கு வெளியே வரிசையில் காத்திருந்தபோது, மற்றவர்கள் பாறையைப் படம் எடுத்துக்கொண்டிருக்க, அவர் மட்டும் வாசலையே பார்த்துக்கொண்டிருந்தார். சிறிது நேரம் கழித்து, "கச்சான் எழும்புது தம்பி. இன்னும் கொஞ்ச நேரந்தான் விடுவான்" என்றார். மேலைக்காற்றைத்தான் நம் கடலோரத்தில் கச்சான் என்பார்கள். காப்ரிக் கடலில் அந்தப் பெயரைக் கேட்டதும் எனக்கு உடம்பு சிலிர்த்தது. எங்களுக்கு முன்னால் காத்திருந்த படகோட்டியின் முகத்திலும் அதே கணக்கு ஓடியது தெரிந்தது. இருவரும் ஒரு வார்த்தையும் பேசாமல், வாசலின் கல்விளிம்பில் நீர் ஏறி இறங்குவதையே கவனித்தார்கள்.

எங்கள் முறை வந்தது. பெரியவர் என் தோளைத் தொடவில்லை. படகு தாழ்ந்து மறுபடி மேலே வரும் சமயத்தில் தானாகவே காலை வைத்து இறங்கினார். அவருக்குப் பின்னால் வந்த ஆசிரியைக்கு, "படகு மேலே வரும்போது காலை வையுங்கோ பிள்ளை, இறங்கும்போது வைக்காதீங்கோ" என்று அவரே சொல்லிக்கொடுத்தார். நான் கொழும்பில் தரையில் உட்காரவைத்து விளக்கியதில் இந்த ஒன்று இல்லை. அன்றிலிருந்து அதையும் சேர்த்துச் சொல்கிறேன்.

உள்ளே நுழைந்ததும் முதலில் இருட்டு. திரும்பி வாசலைப் பார்த்தபோதுதான் விளங்கியது. நாம் நுழைந்த சின்ன வாய்க்குக் கீழே, நீருக்குள், அதைவிடப் பெரிய இன்னொரு திறப்பு இருக்கிறது. சூரிய ஒளி அதன் வழியாகவே வருகிறது. நீரைக் கடக்கும்போது சிவப்பெல்லாம் உறிஞ்சப்பட்டு நீலம் மட்டும் மிஞ்சுகிறது. அது அடியிலிருந்து மேலெழுந்து குகை முழுவதையும் ஒளியூட்டுகிறது. கூரையில் விளக்கில்லை, கீழே கடலே விளக்காக இருக்கிறது. ஆசிரியை நீருக்குள் கையை விட்டார். விரல்களைச் சுற்றிய குமிழிகள் வெள்ளிபோல மின்னின. படகோட்டி பாடத் தொடங்கினார். சில நிமிடங்கள்தான், பிறகு வெளியே. அந்தச் சில நிமிடங்களுக்காக அவ்வளவு தூரம் வந்தது தகுமா என்று என்னிடம் யாராவது கேட்டால், தயங்காமல் தகும் என்பேன்.

1826இல் ஓகுஸ்ட் கோபிஷ், எர்ன்ஸ்ட் ஃப்ரீஸ் என்ற இரு ஜெர்மானியர்கள் இந்தக் குகைக்குள் நீந்திப் போனதிலிருந்துதான் இது உலகுக்குத் தெரியவந்தது. அவர்களைப் படகில் அழைத்துச் சென்றவர் ஆஞ்சலோ ஃபெராரோ என்ற உள்ளூர் மீனவர். அவர் பெயரையும் சேர்த்துச் சொல்லாமல் நான் இந்தக் கதையை முடிப்பதில்லை. உரோமர்களுக்கும் இது தெரிந்த இடமே. 1964இல் குகையின் அடியிலிருந்து உரோமர் காலச் சிலைகள் எடுக்கப்பட்டன.

நாங்கள் வெளியே வந்து சிறிது நேரத்தில் குகையை மூடினார்கள். எங்கள் குழுவில் பாதிப் பேர் இன்னும் உள்ளே போகவில்லை. யாரும் படகோட்டியிடம் வாதாடவில்லை. பெரியவர் அவர்களைத் திரும்பிப் பார்த்து, "அவன் சொல்வது சரி" என்றார், அவ்வளவுதான். நான் பேசியிருந்தால் அத்தனை எளிதில் அடங்கியிருக்குமா என்பது சந்தேகமே. உள்ளே போகாதவர்களை அன்று பிற்பகல் அதே தீவிலுள்ள அனாகாப்ரி என்ற ஊருக்கு அழைத்துப் போனேன். அங்கே புனித மிக்கேல் ஆலயத்தின் தரை முழுவதும் 1761இல் பதித்த வண்ண ஓடுகளில் ஆதாமும் ஏவாளும் ஏதேன் தோட்டத்திலிருந்து வெளியேற்றப்படும் காட்சி. மான், யானை, முதலை என்று அத்தனை விலங்குகளும் அதில் உண்டு. ஓடுகளை மிதிக்காமல் ஓரத்துப் பலகைமேல் நடந்து, மாடிக்கு ஏறிப் பார்த்தால்தான் முழுவதும் தெரியும். மாற்றுத் திட்டம் என்று நான் நினைத்து வைத்திருந்த அந்த இடத்தை, குகையைக் கண்டவர்கள் தங்களுக்குக் கிடைக்கவில்லையே என்று மறுநாள் பஸ்ஸில் குறைபட்டார்கள். இப்போது இரண்டையும் எல்லோருக்கும் பயண நிரலில் எழுதுகிறோம்.

ஊர் திரும்பிய பிறகு அந்தப் பெரியவர் அலுவலகத்துக்கு வந்தார். பேரப்பிள்ளைகளைத் திருகோணமலைக்கு அழைத்துப்போய், கோணேஸ்வரம் கோயில் இருக்கும் சுவாமிமலையைக் கடல்வழியாகச் சுற்றி, அந்தப் பாறையின் பிளவான இராவணன் வெட்டைக் கீழேயிருந்து காட்ட வேண்டுமாம். பாடசாலை விடுமுறை என்பதால் டிசம்பரில் போகலாம் என்று மகன் சொன்னாராம். "டிசம்பரில் வாடை. அந்தப் பக்கம் கடல் கொந்தளிக்கும். மே மாதத்துக்குப் பிறகு பார்ப்போம் என்று நானே சொல்லிவிட்டேன்" என்றார். தென்மேற்குப் பருவக்காற்று இங்கே காலிமுகத்திடலில் அலை அடிக்கும் மாதங்களில்தான் கிழக்குக் கரை அமைதியாக இருக்கும். ஓகஸ்ட் விடுமுறையில் வைத்துக்கொள்ளலாம் என்று முடிவு செய்தோம்.

அப்போதே திருகோணமலையில் எங்களுக்குப் பழக்கமான படகுக்காரரைத் தொலைபேசியில் அழைத்தேன். சிறுவர்களின் அளவில் உயிர்காப்பு அங்கி இருக்கிறதா என்று கேட்டேன். பெரியவர்களுக்கானதுதான் இருக்கிறது, இறுக்கிக் கட்டிக்கொள்ளலாம் என்றார். முடியாது, சின்ன அளவு வந்த பிறகே தேதி குறிப்போம் என்று சொன்னேன். எதிரே உட்கார்ந்திருந்த பெரியவர், கடைக்குட்டிக்கு ஆறு வயது என்பதையும் அவரிடம் சொல்லச் சொன்னார்.