வீட்டில் ஒரு பாகம் மட்டும் கோர்ட் ஏலத்துக்கு வந்தால்

மூன்று பேர் பெயரில் ஒரு பூர்வீக வீடு. அதில் ஒருவர் மேல் மட்டும், கடனைக் கட்டச் சொல்லிப் பணத் தீர்ப்பு ஆகிவிட்டது. மொத்த வீடும் போய்விடும் என்று ஒரு பக்கம் பயம். ‘என் பாகத்தை யார் தொட முடியும்’ என்று இன்னொரு பக்கம் அசட்டை. இரண்டுமே தப்பு. ஏலம் போவது கடனாளியின் பிரிபடாத மூன்றில் ஒரு பாகம். முன்னறை என்றோ மாடி என்றோ அதைக் காட்ட முடியாது. தொல்லையெல்லாம் அங்கேதான் ஆரம்பிக்கிறது.

உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 21-வது கட்டளைதான் இதற்கு வழிகாட்டி. அசையாச் சொத்தை ஜப்தி செய்யக் கேட்கும்போது, கடனாளிக்கு அதில் எவ்வளவு பாகம் என்பதையும் எழுத வேண்டும் என்கிறது விதி 13. நடைமுறையில் பலர் பத்திரத்தில் உள்ள சொத்து விவரத்தை அப்படியே ஒட்டி, முழு வீட்டையும் காட்டிவிடுகிறார்கள். அப்படி வந்தால் மற்ற பங்காளிகள் விதி 58-ன் கீழ் ஆட்சேப மனு போடலாம். ஆனால் ஏலத்துக்கு முன்பே போட்டாக வேண்டும். சொத்து விற்றுவிட்டால் அந்த மனுவை எடுக்கவே மாட்டார்கள்.

ஜப்தி உத்தரவு வந்த பிறகு கடனாளி தன் பாகத்தைத் தம்பி பெயருக்கு எழுதிக் கொடுப்பது வழக்கமான ‘யோசனை’. அதே சட்டத்தின் பிரிவு 64-ன்படி அந்தப் பத்திரம் தீர்ப்பு பெற்றவரைக் கட்டுப்படுத்தாது. பதிவுச் செலவுதான் மிச்சம்.

அடுத்தது விதி 66, ஏல அறிவிப்பு. பாக்கித் தொகை, சொத்தின் மேலுள்ள வில்லங்கம் எல்லாம் இதில் வரும். மதிப்பையும் இரு தரப்பும் சொல்லலாம். நோட்டீஸ் வாங்கிக்கொண்டு கடனாளி ஆஜராகாவிட்டால், எதிர்த் தரப்பு சொன்ன குறைந்த மதிப்பு மட்டுமே அச்சாகும். ‘அடிமாட்டு விலைக்கு விற்றுவிட்டார்கள்’ என்று பிறகு விதி 90-ல், அதாவது முறைகேட்டைக் காட்டி ஏலத்தை ரத்து செய்யக் கேட்டு வந்தாலும், அறிவிப்பு தயாராகும்போதே சொல்லியிருக்கக்கூடிய குறையை அப்போது கேட்க மாட்டார்கள்.

ஏலத்தில் பங்காளிகளுக்கு ஒரு சலுகை உண்டு, பலருக்குத் தெரியாது. வெளியாளும் பங்காளியும் ஒரே தொகை கேட்டால், அது பங்காளி கேட்ட ஏலத் தொகையாகவே கொள்ளப்படும் (விதி 88). ஏலம் எடுத்தவர் 25 சதவீதத்தை உடனே கட்ட வேண்டும். மீதி 15 நாளுக்குள். இந்தக் கெடுவில் நீதிமன்றத்துக்கே தளர்வு காட்டும் அதிகாரம் இல்லை என்று 1954-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

ஏலம் முடிந்தாலும் கதவு அடைபடவில்லை. விதி 89-ன்படி ஏல நாளிலிருந்து 60 நாளுக்குள் பணம் கட்டி ஏலத்தை ரத்து செய்யலாம். அறிவிப்பில் கண்ட பாக்கி 8 லட்சம், ஏலம் போனது 10 லட்சம் என்று வைத்துக்கொள்வோம். பாக்கி 8 லட்சத்தோடு, ஏலம் எடுத்தவருக்கு ஏலத் தொகையில் 5 சதவீதமான 50,000. ஆக 8,50,000 ரூபாய். அறிவிப்புக்குப் பிறகு ஏதாவது செலுத்தியிருந்தால் பாக்கியில் அதைக் கழித்துக்கொள்ளலாம். கடனாளி பெயரிலேயே மனு போட்டு, உடன்பிறந்தவர்கள் பணம் போடுவது தகராறு இல்லாத வழி. 60 நாளை, நீதிமன்றம் ஏலத்தை உறுதி செய்த தேதியிலிருந்து எண்ணிக் கோட்டைவிடுகிறவர்கள் உண்டு. தாமதத்தை மன்னிக்கும் காலவரையறைச் சட்டப் பிரிவு 5 இந்த மனுக்களுக்குப் பொருந்தாது. இன்னொரு பொறி: விதி 90-ல் முறைகேடு மனு நிலுவையில் இருந்தால், அதை வாபஸ் வாங்காமல் 89-ஐ நடத்த முடியாது.

ஏலம் உறுதியாகி விற்பனைச் சான்று வாங்கியவருக்கும் உடனே சாவி கிடைக்காது. கூட்டுக் குடும்பச் சொத்தில் பிரிபடாத பாகத்தை எடுத்தவருக்குக் கூட்டு அனுபவம், அதாவது குடும்பத்தாரோடு சேர்ந்து சொத்தை அனுபவிக்கும் உரிமை, கிடையாது. பாகப்பிரிவினை வழக்கு போட்டுத் தன் பாகத்தைப் பிரித்துக்கொள்ள வேண்டும். இப்படிப்பட்ட பாகங்கள் மலிவாகப் போவதற்கு இதுதான் காரணம். வாங்குகிறவர் வீட்டோடு ஒரு வழக்கையும் சேர்த்துத்தான் வாங்குகிறார்.

அந்த வழக்கில் குடும்பத்தார் 1893-ம் ஆண்டுப் பாகப்பிரிவினைச் சட்டத்தின் பிரிவு 4-ஐக் கையில் எடுப்பார்கள்: பிரிபடாத குடும்பத்தின் குடியிருப்பு வீட்டில் வெளியாள் பங்கு வாங்கிப் பிரிவினை கேட்டால், பங்குள்ள குடும்பத்தவர் அந்தப் பங்கைத் தானே வாங்கிக்கொள்ள முன்வரலாம். ஆனால் விலையை நீதிமன்றம் மதிப்பிடும். ஏலத்தில் போன விலைக்கே கிடைக்கும் என்று எதிர்பார்க்கக் கூடாது. அதைவிட 89-ல் கட்டும் அந்த எட்டரை லட்சம் பெரும்பாலும் மலிவு.