கண்ணீர் இல்லாத நாட்களின் படம்

மூணாறில் ஆவணப்படம் எடுக்கிறேன் என்றால் பனிமூட்டத்தையும் பச்சைச் சரிவையும்தான் பலர் எதிர்பார்க்கிறார்கள். செய்திக்காரர்களுக்கு வேறு இரண்டு மூணாறு தெரியும். 2015 செப்டம்பரில் போனஸை 20 சதவீதத்திலிருந்து பாதியாகக் குறைத்தபோது, தொழிற்சங்கத் தலைவர்களை ஒதுக்கிவிட்டு, 'பொம்பிளை ஒருமை' (பெண்கள் ஒற்றுமை) என்று தேயிலைத் தோட்டத்துப் பெண்களே சாலையில் இறங்கிய மூணாறு. 2020 ஆகஸ்டில் பெட்டிமுடியில் மண் சரிந்து, லயங்களில், அதாவது தொழிலாளர்களின் வரிசை வீடுகளில், தூங்கிக்கொண்டிருந்த 70 பேர் செத்துப்போன மூணாறு. அப்போதெல்லாம் மலை முழுக்கக் கேமராக்கள். மற்ற நாட்களில் யாரும் ஏறி வருவதில்லை. அந்த மற்ற நாட்களைத்தான் நான் எடுக்கிறேன்.

இதில் வருமானம் கிடையாது. போடியிலும் அடிமாலியிலும் எடுக்கும் கல்யாண வீடியோதான் வீட்டுச் செலவையும் படச் செலவையும் தாங்குகிறது. 1984-இல் மலையாள இயக்குநர் ஜான் ஆபிரகாமும் நண்பர்களும் ஒடேசா என்ற குழுவைத் தொடங்கி, கேரளத்தில் ஊர் ஊராகப் போய் மக்களிடம் காசு திரட்டிப் படம் எடுத்தார்கள். அந்தத் தைரியம் எனக்குப் பிடிக்கும். ஆனால் லயத்தில் போய்க் கை நீட்ட மனசு வராது.

தோட்டத்தில் பெரிய தொல்லை ஒலிதான். மழைக்கு இடுப்பைச் சுற்றிக் கட்டும் பிளாஸ்டிக் தாள் ஒவ்வொரு அடிக்கும் சரசரக்கும். சட்டையில் குத்திய மைக்கில் அந்தச் சத்தமும் கத்திரிச் சத்தமும்தான் விழும், பேச்சு விழாது. அதனால் தேயிலைக் காட்டில் கைகளை மட்டும் எடுத்துவிட்டு, பேச்சுக்குச் சாயங்காலம் லயத்துக்குப் போவேன். நல்ல பேச்செல்லாம் அடுப்படியில்தான் நடக்கிறது.

அப்படி ஒரு நாள் ஒரு அக்கா சொன்னார்: "தம்பி, நாங்க அழுறதையே எல்லாரும் எடுத்துட்டுப் போறாங்க. கணக்குப் பேசுறதை எடு." சம்பளச் சீட்டைத் தரையில் விரித்து, விரலை வைத்து வரி வரியாக வாசித்தார். பி.எஃப்., கரண்டு, முன்பணம், கூடுதலாகப் பறித்த கிலோவுக்குச் சேர்த்தது. நடுவில் பேரனை அதட்டினார், குழம்பை இறக்கி வைத்தார், விட்ட வரியிலிருந்து மறுபடி தொடங்கினார். அந்தக் காட்சியை நான் வெட்டவே இல்லை. ஒரு தொலைக்காட்சியில் அது நீளம் என்றார்கள், அழுகை ஏதாவது இருக்கிறதா என்று கேட்டார்கள். படத்தைத் திரும்ப வாங்கிக்கொண்டேன்.

1956-இல் மாநிலங்களைப் பிரித்தபோது தமிழர்கள் நிறைந்த தேவிகுளமும் பீர்மேடும் கேரளத்தோடு நின்றன; மூணாறு தேவிகுளத்தில்தான் இருக்கிறது. இன்றும் திருவனந்தபுரத்தில் திரையிட்டால் 'இது தமிழ்ப் படமல்லவா' என்பார்கள், மதுரையில் 'இது கேரளப் பிரச்சினை' என்பார்கள். அதனால் முதல் திரையிடல் எப்போதும் தோட்டத்தில்தான். மலையாளத் துணைவரிகள் அப்புறம்.

சம்பளச் சீட்டுக் காட்சி ஓடியபோது கூட்டத்தில் யாரும் கண் கலங்கவில்லை. "ஒரு பிடித்தம் விட்டுப்போச்சுடி" என்று பின்னாலிருந்து குரல் வந்தது. அவ்வளவுதான், படத்தை நிறுத்தச் சொல்லி அவரவர் சீட்டைப் பற்றிப் பேசத் தொடங்கிவிட்டார்கள். நான் ஆசைப்பட்ட பார்வையாளர்கள் இவர்கள்தான்.

அந்த அக்காவுக்கு ஓய்வு நெருங்குகிறது. பிள்ளைகளில் யாரும் தோட்ட வேலைக்கு வரவில்லை என்றால் லயத்தைக் காலி செய்ய வேண்டும். சொந்த ஊர் என்று சொல்லிக்கொள்ளத் திருநெல்வேலிப் பக்கம் ஒரு ஊர்ப் பெயர் இருக்கிறது, வீடு இல்லை. அடுத்த படத்துக்கு அதைத்தான் எடுத்துக்கொண்டிருக்கிறேன். இந்த முறை என்ன எடுக்க வேண்டும் என்ற பட்டியலை அவரே சொல்லிக்கொண்டு வருகிறார்.