உருளும் டப்பா

இன்று மதியம் ஈரானிய இயக்குநர் கியாரோஸ்தமியின் 'க்ளோஸ்-அப்' (1990) படத்தை மறுபடி பார்த்தேன்.

தெஹ்ரானில் ஒரு வீட்டுக்குள் கைது நடக்கிறது. கேமரா உள்ளே போகவில்லை. வாசலில் காத்திருக்கும் டாக்சி ஓட்டுநர் சருகுக் குவியலில் பூக்களைப் பொறுக்குகிறார். ஒரு ஸ்ப்ரே டப்பாவை உதைக்கிறார். அது சரிவில் கடகடவென்று உருண்டு நிற்கும்வரை நாமும் பார்த்துக்கொண்டே இருக்கிறோம்.

பிடிபட்டவர் சப்சியான். நான்தான் இயக்குநர் மக்மல்பாஃப் என்று சொல்லி ஒரு குடும்பத்தை நம்பவைத்தவர்.

வழக்கு நிஜம். அப்புறம் ஏமாற்றியவரையும் ஏமாந்தவர்களையும் அவரவராகவே நடிக்க வைத்தார் கியாரோஸ்தமி.

அந்தக் குடும்பம் அதற்குச் சம்மதித்ததுதான் எனக்குத் தீராத ஆச்சரியம். சினிமா ஆசையில்தானே ஏமாந்தார்கள்? அதே ஆசைதான் அவர்களைக் கேமரா முன்னும் நிற்க வைத்திருக்கும் என்று நினைக்கிறேன்.