மேடையை விட்டுக் கைப்பேசிக்குள்

1980-களில் சின்தசைசர் என்னும் மின்னணு இசைக்கருவியின் இசையால் புகழ்பெற்ற இங்கிலாந்துக் கலைஞர் தாமஸ் டால்பி, 1990-களில் மேடையிலிருந்து விலகிக் கலிபோர்னியாவில் மென்பொருள் நிறுவனம் நடத்தினார் என்றால், புதுச்சேரியில் என்னோடு கச்சேரிக்கு வரும் நண்பர்கள் எளிதில் நம்புவதில்லை. ஒற்றைச் சுரத்தில் கீச்சிட்ட நோக்கியா கைப்பேசிகள் ஒரே நேரத்தில் பல சுரங்களை ஒலிக்கத் தொடங்கியதில், அவருடைய பீட்னிக் நிறுவனத்துக்கும் பங்குண்டு; நேரு வீதிக் கடைகளில் நாங்கள் மாற்றி மாற்றிக் கேட்டு மகிழ்ந்தது அத்தகைய அழைப்பொலிகளைத்தான். பாட்டைப் பதிவாகச் சேமிக்காமல், எந்தச் சுரம், எந்தக் கருவி, எவ்வளவு நேரம் என்ற குறிப்பை மட்டும் வைத்துக்கொண்டு கைப்பேசியே அதை வாசித்துவிடுவதால், சில கிலோபைட் இடமே போதுமானதாக இருந்தது. வெறும் பொறியாளரைவிட, கருவிகளின் குரலறிந்த இசைக்கலைஞருக்கே இந்தச் சிக்கனம் இயல்பாகக் கைவந்திருக்கும் என்பது என் எண்ணம். 2006-இல் மீண்டும் மேடையேறிய அவர், பின்னர் ஜான்ஸ் ஹாப்கின்ஸ் பல்கலைக்கழகத்தில் பேராசிரியராகவும் சேர்ந்தார்.