விட்டுப்போன இரண்டு பத்திகள்

"இதில் வேறு ஒன்றும் இல்லையா?" என்று செய்தி ஆசிரியர் கேட்டார். "இல்லை, சார்" என்றேன். 2014 ஆகஸ்ட் 12 இரவு நடந்தது இவ்வளவுதான்.

ஊடகங்கள் யார் கையில் இருக்கலாம் என்பது குறித்து, தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான டிராய் அன்று வெளியிட்ட பரிந்துரைகளை, செய்தி முகமையின் பிரதியிலிருந்து நான்தான் தமிழாக்கினேன். சுதந்திரமான ஒழுங்குமுறை அமைப்பு வேண்டும் என்பதைச் சேர்த்தேன். அரசியல் கட்சிகளும் அரசுகளும் மத அமைப்புகளும் ஒளிபரப்பிலோ கேபிள் விநியோகத்திலோ இறங்கக் கூடாது என்ற பத்தியையும், ஒரு மொழிச் சந்தையில் நாளிதழ், தொலைக்காட்சிச் செய்தி இரண்டிலும் ஒருவரே ஆதிக்கம் செலுத்தக் கூடாது என்ற பத்தியையும் விட்டுவிட்டேன். யாரும் விடச் சொல்லவில்லை. எங்கள் முதலாளியின் கட்சி உறவு டெஸ்க்கில் எல்லோருக்கும் தெரியும். அதை வாய்விட்டுச் சொல்லும் அவசியம் யாருக்கும் நேர்ந்ததில்லை.

கட்சிகளைத் தடுக்க வேண்டும் என்று ஆணையம் 2008-இலும் 2012-இலும் சொல்லியிருந்தது. மூன்றாவது முறை சொல்வதில் என்ன செய்தி இருக்கிறது என்று அன்று சமாதானம் செய்துகொண்டேன். பரிந்துரை அரசைக் கட்டுப்படுத்தாது, சட்டமாக்க வேண்டியவர்களோ கட்சிக்காரர்களே. 2022-இல் ஆணையம் இதே விஷயத்தில் மறுபடியும் கருத்துக் கேட்டபோது, நான் நினைத்தது சரிதான் என்று அற்பமாக ஒரு திருப்திகூட வந்தது. தவிர, அந்தத் தடை மாதம் 70 ரூபாய்க்கு இணைப்புத் தந்த அரசு கேபிளையும் சேர்த்தே குறிவைத்தது. கேபிளைத் தனியாரிடமிருந்து பிடுங்கி ஆளுங்கட்சியின் கையில் கொடுப்பதும் தீர்வாகாது, அதையும் விட்டுவிட்டுத் தெருவில் யார் வலியவரோ அவரிடமே விடுவதும் தீர்வாகாது என்ற குழப்பம் எனக்கு இன்றும் தீரவில்லை.

ஆனால் இந்தக் குழப்பத்தை வாசகர் அல்லவா அடைந்திருக்க வேண்டும்? காலையில் எங்கள் நாளிதழையும் மாலையில் எங்கள் தொலைக்காட்சியையும் பார்த்த ஒருவருக்கு, தன்னைப் பற்றியே ஓர் ஆணையம் பேசியிருக்கிறது என்று தெரியவே இல்லை.

செய்தி ஆசிரியர் எதற்காக அப்படிக் கேட்டார் என்பதுதான் பிடிபடவில்லை. ஆபத்தான வரி எதுவும் தங்கிவிடவில்லையே என்று உறுதிசெய்துகொண்டாரா, அல்லது நான் "இருக்கிறது" என்றால் போட்டுவிடத் தயாராக இருந்தாரா? அவர் முகத்தைப் பார்த்திருந்தால் தெரிந்திருக்கும். நான் திரையைப் பார்த்தபடியேதான் பதில் சொன்னேன்.